ஒரு வயல், இரண்டு சட்டங்கள்

நெடுங்கேணியில் ஒரு தமிழ்க் குடும்பம் முதுசக் காணியைப் பங்கு பிரிக்க உட்கார்ந்தால், வடபகுதித் தமிழரின் வழக்குச் சட்டமான தேசவழமை பேசும். ஒட்டுசுட்டான் தாண்டித் தண்ணீரூற்றில் உள்ள முஸ்லிம் குடும்பத்தில் பேசுவது இஸ்லாமியச் சட்டம். ஒரே வன்னி மண்ணில் நிற்கும் இந்த இரண்டையும் ஆங்கிலேய அரசு எழுத்துச் சட்டமாக ஏற்றுக்கொண்டது ஒரே ஆண்டில்: 1806.

அந்த ஆண்டு வெளியான முகம்மதியச் சட்டக்கோவைக்கு ஒல்லாந்தர் பத்தாவியாவிலிருந்து கொண்டுவந்த தொகுப்பே அடிப்படை. முதலில் கொழும்புப் பகுதிக்கு மட்டும் இருந்தது. 1852 இல் தீவு முழுவதற்கும் விரிந்தது. 1931 இல் வந்த வாரிசுரிமைச் சட்டம், இறந்தவர் எந்த மத்ஹபை, அதாவது எந்தச் சட்ட மரபைச் சேர்ந்தவரோ அந்த மத்ஹபின் சட்டப்படியே சொத்து பிரிய வேண்டும் என்றது. இலங்கை முஸ்லிம்களில் மிகப் பெரும்பாலானோருக்கு அது ஷாபி மத்ஹப்.

காஸாவில் 767 இல் பிறந்து எகிப்தில் 820 இல் மறைந்த இமாம் ஷாபி, சட்டம் எங்கிருந்து பிறக்கிறது என்பதை ஒழுங்குபடுத்தியவர். குர்ஆன், நபிவழி, அறிஞர்களின் ஒருமித்த முடிவு, இவற்றிலிருந்து ஒப்பிட்டு எடுக்கும் முடிவு என்று அவர் வரிசை வைத்தார். கடைசி இரண்டும் மனித அறிவின் வேலை என்பதைக் கவனிக்க வேண்டும். கடல் வணிகத்தோடு அவர் வழி வந்த மரபு கேரளம், காயல்பட்டினம், இலங்கை, இந்தோனேசியா என்று பரவியது. பொன்னானியில் 16 ஆம் நூற்றாண்டில் எழுதப்பட்ட ‘பத்ஹுல் முயீன்’ என்ற ஷாபி நூல் தென்னாசிய மத்ரஸாக்களில் இன்றும் பாடமாக இருக்கிறது.

இந்தச் சட்டத்தின் பங்குக் கணக்கைப் பார்ப்போம். 24 ஏக்கர் வயலை விட்டு ஒருவர் இறக்கிறார். பெற்றோர் இல்லை, மனைவி, ஒரு மகன், ஒரு மகள். மனைவிக்கு எட்டில் ஒன்று, 3 ஏக்கர். மீதி 21 இல் மகனுக்கு 14, மகளுக்கு 7. உறவுகள் கூடக் கூடக் கணக்கு சிக்கலாகும். இயற்கணிதத்துக்குப் பெயர் தந்த அல் குவாரிஸ்மியின் நூலில் ஒரு பெரும் பகுதி இந்த வாரிசுக் கணக்குகளுக்கே ஒதுக்கப்பட்டிருக்கிறது.

சட்டம் ஊர் வழக்கத்தையும் உள்ளே எடுத்தது. பெண் வீட்டார் மாப்பிள்ளையிடம் கொடுக்கும் கைக்கூலி, அரபு நாட்டுப் பழைய நூல்களில் இல்லாத இந்த மண்ணின் வழக்கம். 1951 ஆம் ஆண்டின் முஸ்லிம் விவாக, விவாகரத்துச் சட்டம் அதை மனைவிக்கு உரிய பொருளாக ஏற்றது. முஸ்லிம் குடும்ப வழக்குகளை விசாரிக்கும் காதி நீதிமன்றத்தில் அவள் அதைத் திருப்பிக் கேட்கலாம். சீதனத்தால் நொந்த எந்தச் சமூகத்தவருக்கும் இதன் அருமை புரியும். காணியிலும் இரு மரபுகள் நெருங்கிவருகின்றன. கூட்டுக் காணியில் ஒருவர் தன் பங்கை விற்றால் மற்றப் பங்காளிக்கே முதல் உரிமை என்பது தேசவழமை. இஸ்லாமியச் சட்டத்திலும் அதே உரிமை ‘ஷுப்ஆ’ என்ற பெயரில் உண்டு.

ஆனால் 1951 இன் சட்டம் பெண்களைக் காயப்படுத்தும் இடங்களும் உண்டு. காதியாக ஆணை மட்டுமே நியமிக்கலாம். மணப்பெண் கையெழுத்திட வேண்டியதில்லை. அவளுடைய பொறுப்பாளர் இட்டால் போதும். 12 வயதுக்குக் குறைந்த சிறுமியின் திருமணத்துக்குக்கூடக் காதியின் அனுமதி வழி திறக்கும். நாட்டின் பொதுச் சட்டம் 1995 இல் திருமண வயதை 18 ஆக்கியபோது முஸ்லிம் சிறுமிகளை அந்தப் பாதுகாப்பு எட்டவில்லை. இதை மாற்றக் கேட்பது மார்க்கத்தை எதிர்ப்பது என்று சொல்வது வரலாற்றுக்குப் பொருந்தாது. துனீசியா 1956 இல் பலதாரமணத்தைத் தடைசெய்தது. மொரோக்கோ 2004 இல் பெண்ணின் திருமண வயதை 18 ஆக்கியது. ஷாபி மரபிலேயே நிற்கும் இந்தோனேசியாவில் மத நீதிமன்றங்களில் பெண் நீதிபதிகள் அமர்கிறார்கள்.

இலங்கையில் 2009 இல் நீதியரசர் சலீம் மர்சூப் தலைமையில் சீர்திருத்தக் குழு அமைந்தது. அறிக்கை கையளிக்கப்பட 2018 ஜனவரி ஆயிற்று. அதிலும் உறுப்பினர்கள் இரண்டு அணியாகப் பிரிந்து பரிந்துரை எழுதினார்கள். பெண்கள் காதியாகலாமா என்பது அவர்கள் பிரிந்த இடங்களில் ஒன்று. குழு அமைந்த ஆண்டில் பிறந்த பெண் பிள்ளைக்கு அறிக்கை வந்தபோது எட்டு வயது நிறைந்திருந்தது.