பழைய படச்சுருளும் மீட்டெடுத்த பேச்சும்

பழைய படச்சுருள்களைத் தேடிப் புதிய திரைப்படங்களில் சேர்ப்போரின் பணி, ஏடு தேடிப் பதிப்பிப்போரின் பணியை ஒத்தது. காட்சி கிடைத்தல் மட்டும் போதாது. எவர், எங்கு, எப்போது என்பனவும் உறுதிப்படல் வேண்டும். ஒலிப்பதிவற்ற சுருளாயின் மொழிச் சிக்கலும் உடன் எழும்.

2018இல் பீட்டர் ஜாக்சன் இயக்கத்தில் வெளியான ‘தே ஷல் நாட் குரோ ஓல்ட்’ என்னும் ஆவணப்படம் இதற்குத் தக்க சான்று. இலண்டன் இம்பீரியல் போர் அருங்காட்சியகம் பாதுகாத்துவந்த முதல் உலகப்போர்க்கால மௌனக் காட்சிகள் இதில் எடுத்தாளப்பட்டன. வீரர்களின் உதட்டசைவைப் படிக்க வல்லுநர்கள் அமர்த்தப்பட்டனர். உடையிலுள்ள சின்னங்களால் படைப்பிரிவும், அதனால் வீரர்தம் வட்டாரமும் உய்த்துணரப்பட்டன. அவ்வட்டார வழக்குடைய நடிகர்கள் குரல் கொடுத்தனர்.

எனினும், உதட்டசைவு பேச்சின் ஒரு பகுதியையே காட்டும். ஆங்கிலத்தின் ஒலிப்பிலாப் பகரம், ஒலிப்புடைப் பகரம், மகரம் ஆகிய மூன்றும் இதழ்கள் பொருந்தப் பிறத்தலின் கண்ணுக்கு ஒன்றுபோலவே தோன்றும். ககரம் போன்ற பின்னண்ண ஒலிகளோ பெரும்பாலும் புலப்படா. எனவே ‘பேட்’, ‘மேட்’ என்னும் சொற்களைச் சூழல்கொண்டே பிரித்தறிய இயலும்.

அப்படத்தில் போர்வீரர்கள் பிற்காலத்தில் அளித்த நேர்காணல்களும் ஒலிக்கின்றன. அவை பதிவான பேச்சு. காட்சிக்குள் ஒலிப்பது ஊகித்த பாடம். துணைத்தலைப்பு எழுதும் மொழிபெயர்ப்பாளர் இவ்விரண்டையும் ஒருதன்மையனவாகக் கொள்ளலாகாது. பதிப்பாசிரியர் ஏட்டின் சிதைவைக் குறியிட்டுக் காட்டுவதுபோல, ஊகித்த சொற்கள் எவை என்னும் குறிப்பு ஆவணத்தில் இடம்பெறுதல் வேண்டும். அஃதின்றேல், பின்வரும் ஆய்வாளர் அவற்றை அக்காலப் பேச்சுவழக்கின் சான்றாகக் கொள்ள நேரும்.