கல்யாண கேசட்: விசிடியா, டிவிடியா?

பழைய திருமண வீடியோ கேசட்டைக் கம்ப்யூட்டரில் பார்க்க, 2000களில் பலர் அதை விசிடியாக மாற்றி வாங்கினர். சிடி என்றாலே கேசட்டைவிடத் தெளிவு என்ற எண்ணம்தான் காரணம். படத்தைப் பொறுத்தவரை அது சரியல்ல.

1976ல் ஜேவிசி அறிமுகப்படுத்திய விஎச்எஸ் கேசட்டில் படுக்கைவாட்டில் ஏறத்தாழ 240 கோடுகள் அளவுக்கே நுணுக்கம் கிடைக்கும். வண்ணம் அதைவிட மோசம். பட்டுப்புடவையின் சிவப்பு ஓரத்தில் வழிவது அதனால்தான். ஆனால் மேலிருந்து கீழாக 576 வரிகள் உண்டு. ஒற்றை வரிகள் ஒருமுறை, இரட்டை வரிகள் மறுமுறை என நொடிக்கு 50 முறை காட்டப்படுவதால் அசைவு சீராக இருக்கும்.

1993ல் வந்த விசிடியின் படம் 352க்கு 288 பிக்ஸெல். வரிகளில் பாதி போச்சு, அசைவிலும் பாதி போச்சு! மேலும் எம்பெக்-1 முறையில் நொடிக்கு 1,150 கிலோபிட்டுக்குள் படத்தைச் சுருக்க வேண்டும். மணமக்கள் அமர்ந்திருக்கும்போது பரவாயில்லை. அட்சதை தூவும்போது பாருங்கள், திரையெங்கும் சதுரம் சதுரமாகச் சிதறும்.

ஒலியில் விசிடியைக் குறை சொல்ல முடியாது. சாதாரண கேசட்டில் ஒலி, மிக மெதுவாக நகரும் டேப்பின் ஓரத்தில் மெல்லிய தடமாகப் பதிகிறது. 'உஸ்' இரைச்சல் அங்கிருந்துதான் வருகிறது. விசிடி அந்த இரைச்சல் உட்பட அனைத்தையும் அப்படியே தந்துவிடும்.

டிவிடியில் 720க்கு 576 பிக்ஸெல், எம்பெக்-2. கேசட்டில் இருக்கும் வரிகளும் அசைவும் முழுதாகத் தங்கும். இல்லாத தெளிவு வராது. ஆகவே இதற்காக ப்ளூ-ரே வரை செல்வது வீண் செலவு. 4.7 ஜிபி டிவிடியில் இரண்டு மணி நேரம் நன்றாகக் கொள்ளும். மூன்று மணி நேர கேசட் என்றால் இரண்டு டிவிடிகளில் பதியச் சொல்லுங்கள். பென் டிரைவில் பைலாக வாங்கினாலும் இதே பிக்ஸெல் அளவைக் கேளுங்கள்.

கொடுத்ததைச் சோதிக்க விஎல்சி பிளேயரில் இயக்கி, கண்ட்ரோல் கீயுடன் ஜே கீயை அழுத்தவும். ரெசொல்யூஷன் 352க்கு 288 என்றிருந்தால், விசிடி தரத்தையே டிவிடியில் போட்டுத் தந்திருக்கிறார்கள். மறுபடி மாற்றித் தரச் சொல்லுங்கள். அதுவரை கேசட்டை வீசிவிடாதீர்கள். பழைய விசிடி வைத்திருப்பவர்களும் கேசட் இருந்தால் இப்போதே மாற்றிக்கொள்ளலாம். ஜப்பானின் ஃபுனாய் நிறுவனம் 2016ல் விசிஆர் தயாரிப்பை நிறுத்திவிட்டது. ஓடும் நிலையில் விசிஆர் உள்ள கடைகள் குறைந்து வருகின்றன.