ஒற்றைப் பாதையிலும் வண்டி ஓடும்

ஊரை விட்டு வந்து வாழும் நம் குடும்பங்களில் கணவன் இறந்தாலோ பிரிந்து போனாலோ, முதலில் கிளம்பும் யோசனை ஒன்றுதான்: "பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு ஊரோடு போய்விடம்மா." நல்ல மனதோடுதான் சொல்கிறார்கள். ஆனால் தகப்பன் இல்லாத பிள்ளை கெட்டுப்போகும் என்ற பயமும் அதற்குள் இருக்கிறது.

அந்தப் பயம் எவ்வளவு தூரம் சரி? அமெரிக்காவில் இதை நிறைய ஆராய்ந்திருக்கிறார்கள். சாரா மெக்லனஹன், கேரி சாண்டிஃபர் என்ற சமூகவியலாளர்கள் 1994-இல் வெளியிட்ட நூலின்படி, ஒரு பெற்றோரோடு மட்டும் வளரும் பிள்ளைகள் பள்ளிப் படிப்பைப் பாதியில் விடுவது மற்றவர்களைவிட ஏறக்குறைய இரு மடங்கு. இத்தோடு நிறுத்தினால் பயம் சரியென்றே தோன்றும். ஆனால் இந்த வித்தியாசத்தில் சுமார் பாதிக்கு வருமானக் குறைவே காரணம் என்றும் அவர்களே கணக்கிட்டார்கள். கவனிக்க நேரமில்லாததும் அடிக்கடி வீடு மாறுவதும் மற்றக் காரணங்கள். கணவனை இழந்த தாய்மாரின் பிள்ளைகளோ அதிகம் பின்தங்கவில்லை. அங்கே அவர்களுக்கு அரசு உதவித்தொகை உண்டு.

மேவிஸ் ஹெதரிங்டன் என்ற உளவியலாளர் 2002-இல் எழுதியது இன்னும் தெளிவு. பெற்றோர் பிரிந்த வீட்டுப் பிள்ளைகளில் சுமார் 25 சதவீதம் பேருக்குக் கடுமையான மனச்சிக்கல்கள். சேர்ந்திருக்கும் வீடுகளில் 10 சதவீதம். வித்தியாசம் உண்மைதான். ஆனால் நூற்றில் எழுபத்தைந்து பிள்ளைகள் தேறிவிடுகிறார்கள். தினமும் அடிதடி நடக்கும் வீட்டுப் பிள்ளைக்குப் பெற்றோர் பிரிவதே நல்லது என்றும் ஆய்வுகள் சொல்கின்றன.

ரயில்வேயில் இருந்த எனக்கு இது புதிதல்ல. பணியிலிருக்கும்போது ஒருவர் இறந்தால் குடும்ப ஓய்வூதியம், கருணை அடிப்படையில் வேலை, சில காலம் குவார்ட்டர்ஸ் என்று ஏதோ ஒரு பிடிமானம் கிடைக்கும். பிள்ளைகள் அதே பள்ளிக்குப் போவார்கள், அதே மைதானத்தில் விளையாடுவார்கள். கணவன் விட்டுப் போன பெண்ணுக்கு இவை எதுவும் இல்லை. ஜீவனாம்சத்துக்குக் கோர்ட்டுக்கு அலைய வேண்டும். இந்தியாவில் தாய் மட்டுமே நடத்தும் குடும்பங்களில் 38 சதவீதம் வறுமையில் இருப்பதாகவும், இரு பெற்றோர் குடும்பங்களில் அது 22.6 என்றும் ஐ.நா. மகளிர் அமைப்பின் 2019 அறிக்கை கூறுகிறது. (லைனில் வேலை பார்க்கும் தகப்பன் மாதத்தில் பாதி நாள் வீட்டில் இருப்பதில்லை. அதை மட்டும் யாரும் ஒற்றைப் பெற்றோர் குடும்பம் என்பதில்லை!)

இனி, ஊருக்குப் போகும் யோசனை. அங்கே பாட்டியும் மாமாவும் இருந்தால் அது பெரிய பலம். பிள்ளை பள்ளியில் சேராத வயதென்றால் நானும் போகச் சொல்வேன். ஆனால் இங்கே இந்தியில் எட்டாம் வகுப்பு படிக்கும் பையனைத் திடீரென்று கொண்டுபோனால்? தமிழ்நாட்டில் 2006-ஆம் ஆண்டுச் சட்டப்படி பத்தாம் வகுப்புவரை தமிழ் கட்டாயப் பாடம். வீட்டில் தமிழ் பேசும் நம் பிள்ளைகளில் எத்தனை பேருக்கு எழுதத் தெரியும்? தகப்பனோடு பள்ளி, நண்பர்கள், பாஷை எல்லாம் ஒரே மாதத்தில் போய்விடும். பத்தாவது முடியும்வரை இங்கேயே இருப்பதுதான் மேல் என்பது என் அபிப்பிராயம்.

கொங்கண் ரயில்வேயின் பெரும்பகுதி இன்றும் ஒற்றைப் பாதைதான். வண்டிகள் ஓடுகின்றன, ஆனால் ஒதுங்கி வழிவிடக் கிராசிங் ஸ்டேஷன்கள் போதிய அளவு வேண்டும். தாய் வேலை முடிந்து வரும்வரை பிள்ளை உட்கார்ந்து படிக்க ஒரு வீடு, காய்ச்சல் என்றால் டாக்டரிடம் கூட்டிப்போக ஒரு ஆள்: இதைச் சங்கத்துக் குடும்பங்கள் முறைவைத்துச் செய்யலாம். பொங்கல் விழாவில் "அப்பா வரலையா?" என்று பிள்ளையிடமே கேட்பதையும் விட்டுவிடலாம்.

விண்ணப்பங்களில் தந்தை பெயர் போடத் தயங்கும் தாய்மாருக்கு ஒரு தகவல். 2016 டிசம்பர் முதல் பாஸ்போர்ட்டுக்குப் பெற்றோரில் ஒருவர் பெயர் போதும். பான் கார்டுக்கு, தாய் மட்டுமே பெற்றோராக இருந்தால் தாயின் பெயரே போதும் என்று 2018 டிசம்பரில் விதி மாறிவிட்டது.