மைன்கிராஃப்ட் காவலர்கள்: எப்போ சும்மா இருப்பாங்க, எப்போ அடிப்பாங்க? திருவண்ணாமலை கோபுரம் கட்டினால் காவலுக்கு யாரை நிறுத்தலாம்?

பள்ளி விடுமுறை வந்தாலே வீட்டில் செல்போனுக்கு அடிதடிதான். அதில் பல பிள்ளைகள் மூழ்கிக் கிடக்கும் கேம், மைன்கிராஃப்ட். சதுரக் கட்டைகளை அடுக்கி வீடு, ஊர், கோட்டை, கோயில் என எதை வேண்டுமானாலும் கட்டலாம். ஆனால் இந்த உலகத்தில் நாம் மட்டும் இல்லை. ஊரைக் காக்க, புதையலைக் காக்க, மரத்தைக் காக்க என்று தனித்தனி காவலர்கள் இருக்கிறார்கள். சிலர் நம்மைக் கண்டால் கண்டுகொள்ளவே மாட்டார்கள். சிலர் ஒரே அடியில் கதையை முடித்துவிடுவார்கள்.

யார் எப்போது அடிப்பார்கள்? தப்பிக்க என்ன வழி? விரிவாகப் பார்க்கலாம்.

மைன்கிராஃப்ட் என்றால் என்ன?

ஸ்வீடனைச் சேர்ந்த மோஜாங் நிறுவனத்தின் தயாரிப்பு இது. முழுப் பதிப்பு 2011 நவம்பர் 18-ல் வெளியானது. 2014-ல் மைக்ரோசாஃப்ட் நிறுவனம் மோஜாங்கை 250 கோடி டாலருக்கு வாங்கியது. 2023-ல் விற்பனை 30 கோடி பிரதிகளைத் தாண்டியது.

இதில் இரண்டு வகை ஆட்டம் முக்கியம். 'கிரியேட்டிவ்' முறையில் பொருட்களுக்குக் கணக்கு இல்லை, யாரும் நம்மை அடிக்கவும் மாட்டார்கள். 'சர்வைவல்' முறையில் எல்லாவற்றையும் தோண்டித்தான் எடுக்க வேண்டும், உயிரையும் காப்பாற்றிக்கொள்ள வேண்டும். காவலர்களின் வேலை தெரிவது இந்த சர்வைவல் முறையில்தான்.

அண்ணாமலையார் கோயிலைக் கட்டணும்னா?

கேமில் ஒரு கட்டை என்பது ஒரு மீட்டர். கிருஷ்ணதேவராயர் தொடங்கி, தஞ்சை சேவப்ப நாயக்கர் முடித்துவைத்த திருவண்ணாமலை ராஜகோபுரத்தின் உயரம் 217 அடி. அதாவது சுமார் 66 கட்டை. தாராளமாகக் கட்டலாம். ஆனால் கோயில் வளாகம் 25 ஏக்கர். தரைக்கு மட்டுமே ஏறத்தாழ 1 லட்சம் கட்டை தேவை!

14 கிலோமீட்டர் கிரிவலப் பாதை என்றால் 14,000 கட்டை நீளம். கேமில் ஒரு விநாடிக்கு 4.3 கட்டை தூரம் நடக்கலாம். அப்படிப் பார்த்தால் ஒரு சுற்று வர 54 நிமிடம் ஆகும். கேமில் ஒரு நாள் என்பதே 20 நிமிடம்தான். ஆக, கிரிவலம் முடிவதற்குள் இரண்டரை நாள் ஓடிவிடும். இருட்டினால் ஜாம்பிகள் வரும். அப்போ காவல் வேண்டாமா?

நம் கோயில்களில் சன்னதி வாசலின் இருபுறமும் துவாரபாலகர்கள் நிற்பதைப் பார்த்திருப்பீர்கள். கையில் கதை இருக்கும். ஆனால் பல சிலைகளில் இன்னொரு கை, சுட்டுவிரலை நீட்டி எச்சரிக்கும். அதாவது முதலில் எச்சரிக்கை, பிறகுதான் அடி. மைன்கிராஃப்ட் காவலர்களைப் புரிந்துகொள்ள இந்த ஒரு விஷயம் போதும். அவர்களில் பெரும்பாலானோர் அடிப்பதற்கு முன் ஏதோ ஒரு விதத்தில் 'விரலைக் காட்டுவார்கள்'. அதைக் கவனிக்காதவர்தான் மாட்டுவார்.

1. இரும்பு கோலெம்: நாமே செய்யும் வாசல் காவலர்

வாசலில் போடும் கோலம் இல்லை, இது கோலெம். இரும்பாலான ராட்சத உருவம். நான்கு இரும்புக் கட்டைகளை 'டி' வடிவத்தில் அடுக்கி, உச்சியில் செதுக்கிய பூசணிக்காயைக் கடைசியாக வைத்தால் உயிர் வந்துவிடும். ஒரு கட்டைக்கு 9 இரும்புப் பாளம், ஆக ஒரு கோலெமுக்கு 36 பாளம்.

ராஜகோபுர வாசலுக்கு இரண்டு பேர். இந்திர லிங்கம் தொடங்கி ஈசான்ய லிங்கம் வரை கிரிவலப் பாதையில் எட்டுத் திசைக்கும் இருக்கும் அஷ்ட லிங்கங்களுக்குத் தலா ஒருவர். மொத்தம் 10 கோலெம், 360 பாளம். கணக்குப் பார்த்துத் தோண்ட ஆரம்பிங்க!

பூசணிக்காய் வைத்தும் உயிர் வரவில்லையா? கைக்குக் கீழே, காலின் இருபுறமும் உள்ள இடம் காலியாக இருக்கிறதா என்று பாருங்கள். அங்கே புல், பூ இருந்தால்கூட வேலை செய்யாமல் போகலாம்.

நாம் செய்த கோலெம் நம்மை ஒருபோதும் அடிக்காது. தெரியாமல் நாம் அடித்துவிட்டாலும் திருப்பி அடிக்காது. ஜாம்பி, எலும்புக்கூடு வந்தால் தூக்கி வீசும். ஆனால் வெடித்துச் சிதறும் 'கிரீப்பர்' வந்தால் தொடாது. அதை நாம்தான் பார்த்துக்கொள்ள வேண்டும். இன்னொன்று, கோலெம் சிலை மாதிரி ஒரே இடத்தில் நிற்காது. வேலி போடாவிட்டால் அலைந்துகொண்டே இருக்கும்.

உடம்பில் விரிசல் தெரிந்தால் அடி வாங்கியிருக்கிறது என்று அர்த்தம். ஒரு இரும்புப் பாளத்தைக் கொடுத்தால் கொஞ்சம் சரியாகும்.

2. கிராமத்து கோலெம்: பெயர் கெட்டால் போச்சு

கேமில் தானாக உருவாகும் கிராமங்களிலும் இதே கோலெம் காவலுக்கு இருக்கும். ஆனால் இதன் விசுவாசம் நமக்கு இல்லை, ஊருக்குத்தான். நேரடியாக அடித்தால் திருப்பி அடிக்கும். ஊர்க்காரரை அடித்தாலும் வம்புதான்.

இங்கேதான் சுவாரஸ்யம். கணினியில் விளையாடும் ஜாவா பதிப்பில் ஊர்க்காரர்கள் நம்மைப் பற்றி ஒருவருக்கொருவர் பேசிக்கொள்வார்கள். ஒருவரை அடித்தால் அந்தப் பேச்சு மற்றவர்களுக்கும் பரவும். கெட்ட பெயர் ஓர் அளவைத் தாண்டினால், நாம் கண்ணில் பட்டதும் கோலெம் பாய்ந்து வரும். எத்தனை அடிக்குப் பிறகு பாயும் என்பது பதிப்புக்குப் பதிப்பு மாறும். ஆனால் விதி ஒன்றுதான்: ஊரில் நம் பெயர் எப்படியோ, காவலரின் நடத்தையும் அப்படி.

கவசம் இல்லாவிட்டால் இரண்டு மூன்று அடியில் உயிர் போய்விடும். நல்லபடியாக வியாபாரம் செய்தால் பெயர் உயரும். நாள் ஆக ஆக கெட்ட பெயரும் மெல்லக் குறையும். சரி, இவ்வளவு முரட்டு கோலெம் ஓய்வு நேரத்தில் என்ன செய்யும் தெரியுமா? ஊர்க் குழந்தைகளுக்குச் சிவப்புப் பூ நீட்டும்!

3. கார்டியன்: கடலுக்கடியில் கண் சிமிட்டாத காவல்

பெயரிலேயே காவலர் இருப்பது இதற்குத்தான். 2014-ல் வந்தது. ஆழ்கடலில் இருக்கும் பெரிய கட்டடத்தைக் காக்கும் முள் மீன், ஒற்றைக் கண். நாம் எதுவும் செய்யாவிட்டாலும், அருகில் போனாலே தாக்கும்.

எச்சரிக்கை எங்கே? அதன் கண்ணிலிருந்து ஒரு ஒளிக்கற்றை நம்மீது விழும். முதலில் ஊதா, பிறகு மஞ்சள். சில விநாடிகளில் அடி விழும். அதற்குள் ஒரு தூணுக்குப் பின்னால் போய்விட்டால் கற்றை அறுந்துவிடும். மிக நெருக்கமாகப் போனால் அது விலகி நீந்தும். முள் நீட்டியிருக்கும்போது அடித்தால் நமக்கும் காயம்.

கட்டடத்துக்குள் மூன்று 'மூத்த கார்டியன்'கள் உண்டு. கிட்டத்தட்ட 50 கட்டை தூரத்துக்குள் போனாலே திரையில் ஒரு ஆவி முகம் தெரியும். பிறகு 5 நிமிடத்துக்குக் கை சோர்ந்து, கட்டைகளை உடைப்பதே பெரும்பாடாகிவிடும். சுவரை உடைத்துக் குறுக்கு வழியில் புதையல் எடுப்பவர்களைத் தடுக்கத்தான் இந்த ஏற்பாடு. பால் குடித்தால் சோர்வு தீரும், ஆனால் மூத்தவர் உயிரோடு இருக்கும்வரை திரும்பத் திரும்ப வரும்.

4. வார்டன்: கண் தெரியாது, காது ரொம்பக் கூர்மை

2022 ஜூன் 7-ல் வந்த பாதாளக் காவலர். இரும்பு கோலெமின் உயிர்ப்பலம் 100 என்றால் இதற்கு 500. கவசம் இல்லாவிட்டால் ஒரே அடிதான். தூரத்தில் ஒளிந்தாலும் சுவரைத் துளைத்து வரும் ஒலித் தாக்குதல் உண்டு.

இவ்வளவு பலசாலிக்குக் கண் தெரியாது. நடப்பது, ஓடுவது, பெட்டி திறப்பது என எல்லா அதிர்வையும் கேட்டுத்தான் வரும். மோப்பமும் பிடிக்கும். பாதாளத்தில் அலறும் கட்டைகள் இருக்கும். நாம் சத்தம் போட்டால் அவை அலறும். மூன்று முறை எச்சரிக்கை, நான்காவது முறை மண்ணைப் பிளந்துகொண்டு வார்டன் வரும். சத்தமில்லாமல் 10 நிமிடம் ஒதுங்கியிருந்தால் ஒரு எச்சரிக்கை குறையும்.

தப்பிக்க வழி: குனிந்து மெதுவாக நடங்கள். கம்பளிக் கட்டைகள் மேல் நடந்தால் சத்தம் வராது. பனி உருண்டையை வேறு பக்கம் எறிந்தால் வார்டன் அங்கே போகும். சண்டை மட்டும் போடாதீர்கள். கொன்றாலும் பெரிதாக எதுவும் கிடைக்காது.

5. க்ரீக்கிங்: பார்த்தால் சிலை, திரும்பினால் ஆபத்து

2024 டிசம்பர் 3-ல் சேர்க்கப்பட்டது. வெளிறிய காட்டில் இரவில் வரும் மர உருவம். நாம் பார்க்கும்வரை அசையாது. முகத்தைத் திருப்பினால் நெருங்கி வந்து அடிக்கும். வாளால் எத்தனை முறை அடித்தாலும் சாகாது. காரணம், அதன் உயிர் உடம்பில் இல்லை, பக்கத்து மரத்துக்குள் 'இதயம்' என்ற கட்டையில் இருக்கிறது. ஏழு கடல் தாண்டி கிளிக்குள் உயிரை வைத்த மந்திரவாதி கதை ஞாபகம் வருதா? அதேதான். அடித்ததும் அதிலிருந்து ஒளித்துகள்கள் இதயத்தை நோக்கிப் பறக்கும். அந்தப் பக்கம் போய் இதயத்தை உடைத்தால் உருவம் உதிர்ந்துவிடும்.

தோற்றால் என்ன ஆகும்?

பிள்ளை திடீரென்று அழுதால் 'கேம்தானே' என்று பெற்றோர் சொல்வது வழக்கம். ஆனால் சர்வைவல் முறையில் செத்தால் கையில் இருந்த பொருட்கள் எல்லாம் அங்கேயே சிதறும். அருகில் போய் 5 நிமிடத்துக்குள் எடுக்காவிட்டால் மறைந்துவிடும். வாரக்கணக்கில் சேர்த்த இரும்பும் வைரமும் போயே போச்சு. 'ஹார்ட்கோர்' முறையில் ஒரே உயிர். செத்தால் அந்த உலகத்தில் மறுபடி விளையாட முடியாது.

சின்னப் பிள்ளைகளுக்கு, செத்தாலும் பொருட்கள் கையிலேயே இருக்கும்படி அமைப்புகளில் மாற்றி வைக்கலாம். பெரிய கட்டடம் கட்டுவதென்றால், முதலில் கிரியேட்டிவ் முறையில் கட்டிவிட்டு, பிறகு சர்வைவலுக்கு மாறுவது நல்லது.

சுருக்கமாக...

- நாம் செய்த கோலெம்: நம்மை அடிக்காது.
- கிராமத்து கோலெம்: ஊர்க்காரரையோ அதையோ அடித்தால் அடிக்கும்.
- கார்டியன்: எல்லைக்குள் போனாலே தாக்கும், மறைந்துகொள்ளுங்கள்.
- வார்டன்: சத்தம் கேட்டால் வரும், குனிந்து நகருங்கள்.
- க்ரீக்கிங்: கண்ணை எடுக்காதீர்கள், இதயத்தைத் தேடுங்கள்.

இந்த ஐவரில் யாரும் காரணமில்லாமல் அடிப்பதில்லை. ஒருவர் ஊரைக் காக்கிறார், ஒருவர் புதையலை, ஒருவர் அமைதியை. எதைக் காக்கிறார் என்று தெரிந்துவிட்டால் எப்போது அடிப்பார் என்பதும் தெரிந்துவிடும். அடுத்த முறை உங்கள் வீட்டுப் பிள்ளை விளையாடும்போது, 'எத்தனை பேரைக் கொன்ன?' என்று கேட்காமல், 'இவர் எதைக் காவல் காக்குறாரு?' என்று கேட்டுப் பாருங்கள். கதை கதையாகச் சொல்வார்கள்.