கடலில் முளைக்காத கடல் தேங்காய்

பனங்கொட்டையைக் குவித்து மண் மூடிவைத்தால் கிழங்கு விடும். கொட்டையிலிருந்து குழல்போல ஒன்று கிளம்பி மண்ணுக்குள் இறங்கும். குருத்து அதன் நுனியில் பத்திரமாக இருக்கும். கொட்டையை வெட்டினால் உள்ளே தின்னக்கூடிய பூரான். இந்தப் பனைக்கு ஒரு பங்காளி உண்டு. இந்துமாக்கடலில், செஷல்ஸ் நாட்டின் பிராலின், கியூரியஸ் என்ற இரண்டே தீவுகளில்தான் அது தானாக வளர்கிறது. அதுவும் இப்படியேதான் முளைக்கிறது. ஆனால் அதன் கொட்டை 15 கிலோ இருக்கும். சில 18 கிலோவரை போகும். தாவர உலகில் இதைவிடப் பெரிய விதை இல்லை. இரட்டைத் தேங்காய் என்றும் கடல் தேங்காய் என்றும் இதைச் சொல்கிறார்கள்.

கடலுக்கும் இதற்கும் உள்ள உறவு ஒரு பழைய ஏமாற்று. நல்ல கொட்டையைக் கடலில் போட்டால் நேரே மூழ்கிவிடும். உள்ளே அழுகி வெறும் கூடானவைதான் மிதக்கும். அப்படி மிதந்த கூடுகள் மாலத்தீவுக் கரையிலும் நம் பக்கத்துக் கரைகளிலும் ஒதுங்கின. மரத்தை யாரும் கண்டதில்லை. அதனால் கடலுக்கடியில் ஒரு மரம் இருக்கிறது, அதில் கருடன் குடியிருக்கிறது என்று கதை கட்டினார்கள். மாலத்தீவில் ஒதுங்கிய ஒவ்வொரு காயும் அன்று அரசனுக்குச் சொந்தம். விஷத்தை முறிக்கும் என்ற நம்பிக்கையில் ஐரோப்பிய மன்னர்கள் இதைப் பொன்கொடுத்து வாங்கினார்கள். இரண்டாம் ரூடால்ஃப் பேரரசருக்காக வெள்ளி வேலைப்பாட்டுடன் 1602-இல் செய்த ஒரு குடுவை இன்றும் வியன்னா அருங்காட்சியகத்தில் இருக்கிறது.

1768-இல் பிரெஞ்சுக்காரர்கள் பிராலினில் மரத்தையே கண்டுபிடித்தார்கள். கப்பல் நிறையக் காய்கள் இந்தியாவுக்கு வந்து இறங்கின, விலை சரிந்தது. ஆனாலும் பேர் போகவில்லை. தாவரவியல் பெயரில் இன்னமும் மாலத்தீவுதான் இருக்கிறது, அங்கே இந்த மரம் தானாக வளராதபோதும். 1881-இல் பிராலினுக்கு வந்த பிரிட்டிஷ் தளபதி கார்டன், விவிலியத்தின் ஏதேன் தோட்டம் இதுதான் என்று வரைபடம் சகிதம் வாதாடினார். அங்குள்ள காட்டைப் பார்த்தவர்கள் அவரைக் குறை சொல்லத் தயங்குவார்கள்.

எனக்கு வியப்பு காயின் அளவில் இல்லை. இவ்வளவு பெரிய காயை அந்த மரம் எதைக் கொண்டு செய்கிறது? தீவு கருங்கல் தீவு, மண் சத்தற்றது. விடை ஓலையில் இருக்கிறது. பனையைப் போலவே விசிறி ஓலை, ஆனால் பல மீட்டர் நீளம், மடிப்பு மடிப்பாக. மழை பெய்தால் அந்த மடிப்புகளும் மட்டையின் குழிவும் வாய்க்காலாகி, மேலே விழுந்த மகரந்தம், பறவை எச்சம், சருகுத் தூள் எல்லாவற்றையும் நீரோடு அள்ளி மரத்தின் அடிக்குக் கொண்டுவருகின்றன. 2015-இல் வெளிவந்த ஆய்வு ஒன்று அடிமரத்தை ஒட்டிய மண்ணையும் இரண்டு மீட்டர் தள்ளிய மண்ணையும் ஒப்பிட்டது. மரத்தடி மண்ணில் தழைச்சத்தும் மணிச்சத்தும் தெளிவாகக் கூடுதல். மரம் ஓலையிலும் தண்டிலும் சிக்கனம் பிடிக்கிறது. பழுத்து விழப்போகும் ஓலையிலிருந்து சத்தைத் திரும்ப உறிஞ்சிக்கொள்கிறது. மிச்சம் பிடித்ததெல்லாம் காய்க்குப் போகிறது. அப்படியும் ஒரு காய் முற்ற ஆறேழு ஆண்டுகள் ஆகும்.

முற்றிய காய் எங்கே போகும்? எங்கும் போகாது. அதைத் தூக்கிச் செல்ல விலங்கு இல்லை, உருண்டால்தான் உண்டு. தாய்மரத்தின் அடியிலேயே, அதன் இருட்டிலேயே கன்று வளர வேண்டும். மற்ற மரங்களில் பெரும்பாலும் இது கேடு, இங்கே லாபம். ஓலை இறக்கிய சத்து அங்கேதான் கிடக்கிறது. வெளிச்சம் எட்டாத குறையைக் கொட்டையில் உள்ள சேமிப்பு ஈடுகட்டுகிறது. கொட்டையிலிருந்து கிளம்பும் குழல் சில மீட்டர் தூரம் மண்ணுக்குள் ஓடி, அங்கேதான் குருத்தை மேலே விடுகிறது. அதன் பிறகும் சில ஆண்டுகள் கன்று கொட்டையிலிருந்தே சாப்பிடுகிறது.

பனையில் உள்ளதுபோல இதிலும் ஆண் மரம் வேறு, பெண் மரம் வேறு. ஆண் மரத்தின் பூந்தண்டு ஒரு மீட்டருக்கு மேல் நீளும். பச்சைப் பல்லிகள் அதில் ஏறித் தேன் நக்குவதைப் பார்க்கலாம். புயலடிக்கும் இரவில் ஆண் மரங்கள் வேரைப் பிடுங்கிக்கொண்டு பெண் மரங்களிடம் போகும், அதைக் கண்டவன் பிழைக்கமாட்டான் என்பது தீவுக்காரர்கள் சொல்லும் கதை.

இளங்காயின் பருப்பு நுங்கு மாதிரிதான். முற்றியதைச் சீவிக் காயவைத்து மருந்துச் சரக்காக விற்கிறார்கள். ஆபத்தும் இதனால்தான்: காயெல்லாம் கூடைக்குப் போனால் காட்டில் கன்று ஏது? திருட்டும் காட்டுத்தீயும் சேர்ந்து இதை அழிவபாய மரங்களின் பட்டியலில் தள்ளிவிட்டன. பிராலினின் வாலே டி மே காடு 1983 முதல் யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியக் களம். பரப்பு 20 ஹெக்டேருக்கும் சற்றுக் குறைவு. காயை நாட்டுக்கு வெளியே கொண்டுபோக அரசு அனுமதிச் சீட்டு வேண்டும். காட்டில் கொட்டைகளை ஊன்றியும் வைக்கிறார்கள். ஊன்றியது ஆணா பெண்ணா என்று பூக்கும்வரை தெரியாது. பூக்கப் பல பத்தாண்டுகள் ஆகலாம்.