காதுக்குள் ஒரு குரல்

புதுச்சேரியின் பாகூரிலிருந்து பிளஸ் டூ படிக்கும் பெண் ஒருத்தி எழுதியிருக்கிறாள்: "டிவி செய்தியில் தயாரிப்பாளர் என்று ஒரு வேலை உண்டாமே, அவர் பணம் போடுபவரா?"

பணம் போடுபவர் சினிமாவில். செய்தித் தயாரிப்பாளர் பங்கு போடுவது நொடிகளை. அரைமணிச் செய்தியில் விளம்பரம் போக மிஞ்சும் நேரத்தில் எது முதலில், எதற்கு எத்தனை நொடி, எங்கே பைட் (ஒருவர் பேசிய துண்டு), எப்போது லைவ் என்று ரன்டவுன் போடுகிறவர் அவர். செய்தி ஓடும்போது கட்டுப்பாட்டு அறையில் உட்கார்ந்து, வாசிப்பவரின் காதில் மாட்டிய சிறு கருவி வழியாகப் பேசிக்கொண்டே இருப்பார்: "பத்து நொடிதான் இருக்கு", "அடுத்தது வேண்டாம், பாகூர் லைவ் ரெடி."

அந்தக் காதுக்கருவியில்தான் எனக்குத் தீராத ஆசை. வெளியே நிற்கும் நிருபர் காதிலும் அது உண்டு. ஓபி வேன் என்ற ஒளிபரப்பு வண்டியிலிருந்து கிளம்பும் நிருபரின் குரல், பூமத்திய ரேகைக்கு மேலே 35,786 கிலோமீட்டர் உயரத்தில் இருக்கும் செயற்கைக்கோளைத் தொட்டுவிட்டுக் கீழே இறங்க வேண்டும். அதற்கே கால் நொடி ஆகிவிடும். கேள்வி கேட்ட பின்பும் நிருபர் பேசாமல் நிற்கிறாரே, அது இந்தத் தாமதம்தான். ஸ்டுடியோ ஒலியை அப்படியே அவர் காதுக்கு அனுப்பினால் அவர் பேசியதே பிந்தி வந்து விழும், நாக்குக் குழறும்.

வில்லியனூர்த் தேரோட்டத்தில் என் மாமா மைக் பிடித்து, காணாமல் போன பிள்ளைகளின் சட்டை நிறத்தை அறிவிப்பார். தெருக்கோடியில் கட்டிய குழாய் ஸ்பீக்கர் அவர் குரலை அரை நொடி கழித்துத் திருப்பித் தரும். அதனால் இரண்டு காதையும் துண்டால் இறுகக் கட்டிக்கொண்டு பேசுவார். ஸ்டுடியோவில் துண்டின் வேலையை ஒலிப்பலகை செய்கிறது: நிருபருக்குப் போகும் ஒலியிலிருந்து அவர் குரலை மட்டும் கழித்துவிடுகிறார்கள். இதற்கு 'மிக்ஸ் மைனஸ்' என்று பெயர். அதைச் சரிபார்க்காமல் லைவுக்குப் போகும் தயாரிப்பாளர், மழையில் நனைந்து நிற்கும் நிருபரைத் திணற விடுகிறார்.

ஒலி சரியாக இருந்தால் மட்டும் போதாது, நிருபர் சரியான இடத்தில் நிற்க வேண்டும். 2024 நவம்பர் 30 இரவு ஃபெஞ்சல் புயல் புதுச்சேரி அருகே கரை கடந்தது. அதன்பின் சாத்தனூர் அணையில் திறந்த தண்ணீர் தென்பெண்ணையில் பெருகி வந்து பாகூர்ப் பக்கத்து ஊர்களைச் சூழ்ந்தது. திருவண்ணாமலை மாவட்டத்து அந்த அணையில் ஷட்டர் தூக்கிய செய்தி வந்த உடனே பாகூருக்கு ஆள் அனுப்புகிறவரையே நல்ல தயாரிப்பாளர் என்பேன். நான் பார்த்த சேனலில் "புதுச்சேரி வெள்ளம்" என்ற எழுத்துக்குப் பின்னால் கடற்கரைச் சாலைதான் மறுபடி மறுபடி ஓடியது. பாகூர், வில்லியனூர் போன்ற நம் கொம்யூன்கள் தேருக்கும் வெள்ளத்துக்கும் மட்டுமே டிவியில் வருவது எனக்கு ஆறாத வருத்தம். பாகூர் ஏரியின் மதகும் நெல் கொள்முதலும் எந்த ரன்டவுனிலும் ஏறுவதே அரிது.

இந்த வேலைக்குப் படிக்க, காலாப்பட்டில் புதுவைப் பல்கலைக்கழகத்தில் ஊடகப் படிப்பு இருக்கிறது; பட்டம் முடித்துவிட்டுச் சேரலாம். அதுவரை ஏன் காத்திருக்க வேண்டும்? ஒரு தாளில் உன் கொம்யூனுக்கு ஐந்து நிமிடச் செய்திக்கு ரன்டவுன் போடு. முதலில் எதை வைத்தாய், அதற்கு எத்தனை நொடி கொடுத்தாய் என்று எனக்கு எழுதம்மா.