பயிர் காக்கும் துவக்கும் உயிர் குடிக்கும் கட்டுத்துவக்கும்

அமெரிக்கக் கிராமங்களில் துவக்கு தாத்தாவிடமிருந்து பேரனுக்குக் கைமாறும் குடும்பச் சொத்து. 1791இல் வந்த இரண்டாவது அரசியலமைப்புத் திருத்தம் அதை உரிமையாகவே ஆக்கியிருக்கிறது. இலங்கையில் நிலை வேறு. இங்கு துவக்கு, அரசு அனுமதித்தால் மட்டும் வைத்திருக்கக்கூடிய ஒரு பொருள்.

ஆனாலும் திருகோணமலைத் துறைமுகத்திலிருந்து உள்நோக்கிப் போனால், தம்பலகாமம், கந்தளாய், மூதூர், வெருகல் வயல்களிலும் சேனைகளிலும் துவக்குக்கு ஒரு பழைய இடம் உண்டு. பன்றிக்கும் யானைக்கும் பரண் கட்டிக் காவல் இருப்பது விவசாயியின் வேலையில் பாதி. மூதூர், வெருகல் பக்கத்துக் கரையோர வேடர் வழிவந்த மக்களுக்கு வேட்டையும் தேனெடுப்பும் வாழ்வாதாரமாகவே இருந்தன.

1916ஆம் ஆண்டின் 33ஆம் இலக்கச் சுடுகலன் கட்டளைச் சட்டமே இன்றும் அடிப்படை. பயிர்ப் பாதுகாப்புக்கான துவக்குக்கு மாவட்டச் செயலகம் அனுமதிப்பத்திரம் வழங்குகிறது. அதை ஆண்டுதோறும் புதுப்பிக்க வேண்டும்.

போர் இந்த வழக்கத்தைக் குலைத்தது. 80களில் வடக்கு, கிழக்கில் உரிமம் பெற்ற வேட்டைத் துவக்குகளை இயக்கங்கள் எடுத்துச் சென்றன. 2009இல் போர் முடிந்தாலும், துவக்கு கேட்டு அரச அலுவலகத்தில் விண்ணப்பிக்கத் தமிழ் விவசாயி இன்னும் இரண்டு தடவை யோசிக்கிறார்.

அந்த இடைவெளியில் நுழைவதுதான் கட்டுத்துவக்கு. ஓர் இரும்புக் குழாய், மருந்து, ஈயச் சில்லு, விலங்கு வரும் தடத்துக்குக் குறுக்கே ஒரு கம்பி. கம்பியில் எது பட்டாலும் வெடிக்கும். பன்றியா, விறகு பொறுக்க வந்தவரா, மாடு தேடி வந்த சிறுவனா என்று அதற்குத் தெரியாது. கம்பி தாழக் கட்டப்படுவதால் காயம் பெரும்பாலும் காலில்தான். உயிர் தப்பினாலும் காலை இழக்க நேரலாம். இதைக் கட்டுவது சட்டவிரோதம். அதனால் கட்டியவர் பக்கத்து வயல்காரரைக்கூட எச்சரிப்பதில்லை.

மறுபக்கத்தில் யானைகள். 2023இல் நாடு முழுவதும் 400க்கும் மேற்பட்ட யானைகள் இறந்தன. துவக்குச் சூடு முக்கிய காரணங்களில் ஒன்று. அதே ஆண்டில் யானை தாக்கி 150க்கும் மேற்பட்ட மனிதர்கள் இறந்தார்கள்.

கட்டியவர்களைக் கைது செய்வது அவசியம்தான். ஆனால் பெரும்போக அறுவடைக்கு முந்திய ஓர் இரவில் ஒரு குடும்பத்தின் ஆண்டு உழைப்பே அழிந்துபோகலாம். பழுதுபடாத யானை வேலி, தட்டுப்பாடில்லாத யானை வெடி, தாமதமில்லாத நட்டஈடு ஆகிய மூன்றும் கிடைக்காத வரை, ஒரு கட்டுத்துவக்கைப் பறிமுதல் செய்த இடத்தில் இன்னொன்று முளைக்கும். அடுத்து அந்தக் கம்பியில் இடறப்போவது பெரும்பாலும் அதே ஊர்க்காரர்தான்.